கெஸ்ட் வந்தால் சுவர்

எங்கள் ஓட்டலில் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் எனக்குப் படுக்கை விரிக்கச் சொல்லித்தரவில்லை, குளியலறை தேய்க்கச் சொல்லித்தரவில்லை. சுவரோடு ஒட்டி நிற்கச் சொல்லித்தந்தார்கள். காரிடாரில் கெஸ்ட் யாராவது வந்தால் ட்ராலியை ஓரமாகத் தள்ள வேண்டும். முதுகு சுவரில் பட நிற்க வேண்டும். கை இரண்டும் முன்னால், கண் தரையில். அவர் தாண்டிப் போகிறவரை அப்படியே இருக்க வேண்டும். மூச்சு விடலாம், அதற்கு மட்டும் தடை இல்லை.

"நீ இருக்கிறது கெஸ்ட்டுக்குத் தெரியக் கூடாது. ரூம் சுத்தமா இருக்கிறது மட்டும்தான் தெரியணும்," என்றார் சூபர்வைசர். கதவின் மேல் விளிம்பில் ஆள்காட்டி விரலை ஓட்டி, தூசி இருக்கிறதா என்று விளக்கு வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார் அவர். அதனால் நாங்கள் வைத்த பெயர் விரல் சார். அந்த விரல் வெள்ளையாக வந்தால் அன்றைக்கு நிம்மதி. கறுப்பாக வந்தால் அன்றைய பொழுது நாசம்.

வருஷங்கள் போயின. சுவர் என் முதுகில் ஊறிவிட்டது. பஸ் நிறுத்தத்தில் யாராவது சக்கரப் பெட்டியை இழுத்துக்கொண்டு வந்தால்கூட நான் பக்கத்துக் கடைச் சுவரோடு ஒட்டிக்கொள்வேன். இதைவிடக் கேவலம் என் தம்பி கல்யாணத்தில் நடந்தது. பெண் வீட்டார் பெட்டியும் படுக்கையுமாக வந்து இறங்குகிறார்கள். மாப்பிள்ளையின் அக்கா நான். வாசலில் நின்று வாயார வரவேற்க வேண்டியவள், தூணோடு ஒட்டித் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறேன். "வாங்கன்னு ஒரு வார்த்தை கேக்கலையே மகராசி" என்று தம்பியின் மாமியார் இன்று வரை சொல்லிக்காட்டுகிறாள். 

இந்த வருஷம் ஓட்டலைப் புதுப்பித்தார்கள். தரை மாறியது, விளக்கு மாறியது, கடைசியில் எங்களையும் மாற்றப்போவதாகச் சொன்னார்கள். பெரிய மேனேஜர் எல்லோரையும் ஊழியர் கேன்டீனுக்குக் கூப்பிட்டு, காலத்துக்கு ஏற்ற திறன், புதிய வாய்ப்பு என்று வாய் நிறையப் பேசினார். சாரம் இதுதான்: அறை சுத்தம் செய்யும் வேலை முழுவதையும் வெளி கம்பெனிக்குக் கான்ட்ராக்ட் விடப்போகிறார்கள். ரிசப்ஷன் வேலைக்குப் பயிற்சி எடுத்துத் தேறுகிறவர்கள் ஓட்டலிலேயே இருக்கலாம். மற்றவர்கள் கான்ட்ராக்ட் கம்பெனிக்குப் போக வேண்டும். அதற்குமேல் எங்களுக்கு விளக்கம் தேவைப்படவில்லை. கூப்பிட்டால் வேலை, கூப்பிடாவிட்டால் வீடு.

பயிற்சிக்குப் போகிறவர்கள் பெயரை நோட்டீஸ் போர்டில் ஒட்டினார்கள். எல்லாம் சின்னஞ்சிறுசுகள். என் பெயர் இல்லை. நேராக விரல் சாரிடம் போனேன்.

"சார், என் பேரைக் காணோமே?"

"உனக்கு எதுக்கும்மா அது? உனக்கு ரூம் வேலைதான் கைவந்த வேலை."

"அந்தக் கைவந்த வேலையைத்தான் வெளியாளுக்குக் குடுத்துட்டீங்களே சார்."

"இந்த வயசுல கம்ப்யூட்டரெல்லாம் மண்டையில ஏறாதும்மா."

"ஏறலைன்னா நானே எறங்கிடுறேன். முதல்ல ஏத்திப் பாருங்க."

அவர் விரலால் மேஜையைத் தட்டினார். அது எனக்குச் சம்மதமாகவே காதில் விழுந்தது. மறுநாள் காலை ரூம் வேலையை முடித்துவிட்டு, மதியம் வகுப்பு தொடங்கியபோது முதல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். பயிற்சி கொடுக்க வெளியிலிருந்து ஒரு மேடம் வந்திருந்தார். சின்ன வயசு, வேகமான பேச்சு, கையில் எப்போதும் ஒரு பேனா.

"உங்க பேரு லிஸ்ட்ல இல்லையே அக்கா?"

"சேத்துக்குங்க மேடம். பேனா உங்க கையிலதானே இருக்கு."

அவர் என்னை ஒரு தடவை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு சேர்த்துக்கொண்டார்.

என் நாத்தனாரையும் கூப்பிட்டேன். என் வீட்டுக்காரரின் தங்கை அவள். இதே ஓட்டல் லாண்டரியில் துணி மடிக்கிறாள், எங்கள் வீட்டு மாடியில் குடியிருக்கிறாள். "எனக்கு எதுக்கு அண்ணி வம்பு? நீங்க பாஸாகி கோட்டு போட்டா நான் இஸ்திரி போட்டுத் தர்றேன்" என்று நழுவிவிட்டாள்.

கம்ப்யூட்டர் ஒன்றும் பூதம் இல்லை. அதற்காக நான் பெரிய புலி என்றும் சொல்ல மாட்டேன். போன மாதத் தேதிக்கு ஒருவருக்கு அறை பதிவு செய்யப் பார்த்து, மெஷின் முரண்டு பிடிக்க, அதைத் திட்டித் தீர்த்தேன். ஒரே அறைக்கு இரண்டு குடும்பங்களை அனுப்பிவைத்தேன், நல்லவேளை இரண்டும் பயிற்சிக்காக வைத்த பொய்க் குடும்பங்கள். ஆனாலும் விடவில்லை. அறை ஒதுக்குவது, சாவி அட்டை போடுவது, கணக்கு முடிப்பது எல்லாம் மெதுவாகக் கைக்கு வந்தன. பக்கத்தில் இருந்த சிறுசுகள் "அக்கா பின்றீங்க" என்றபோது எனக்குத் தலைகால் புரியவில்லை.

அந்தச் சந்தோஷம் கொஞ்ச நாள்தான். ஒரு மதியம் மேடம் எங்களை ஒவ்வொருவராகக் கவுன்டருக்குப் பின்னால் நிறுத்தினார். அவரே கெஸ்ட்டாகப் பெட்டியை இழுத்துக்கொண்டு வருவார், நாங்கள் வரவேற்று அறை கொடுக்க வேண்டும். என் முறை வந்தது. சொல்ல வேண்டிய வார்த்தையெல்லாம் நாக்கு நுனியில் தயாராக இருந்தது. பெட்டியின் சக்கரம் தரையில் கடகடவென்று உருளும் சத்தம் கேட்டது.

அடுத்தது எனக்குத் தெரியாது. சிரிப்புச் சத்தம் கேட்டு நிமிர்ந்தால், நான் சுவரோடு ஒட்டி நிற்கிறேன். கை முன்னால், கண் தரையில். மேடம் ஆளில்லாத கவுன்டருக்கு முன்னால் நின்று கழுத்தை நீட்டித் தேடுகிறார்.

"அக்கா, எங்க போனீங்க? கவுன்டர்ல ஆளே இல்லையே!"

வகுப்பே விழுந்து விழுந்து சிரித்தது. நானும் சிரித்துவைத்தேன். இன்னொரு தடவை நின்றேன். இன்னொரு தடவையும் சுவருக்குப் போனேன். அதற்குமேல் யாரும் சிரிக்கவில்லை, அதுதான் இன்னும் மோசமாக இருந்தது. முடிந்ததும் மேடம் என்னைத் தனியே கூப்பிட்டார்.

"வெள்ளிக்கிழமை கடைசி டெஸ்ட் அக்கா. மத்ததெல்லாம் நல்லாப் பண்றீங்க. ஆனா கவுன்டரை விட்டுட்டு ஓடுறவங்களை நான் எப்படிப் பாஸ் போட முடியும்? அன்னைக்கும் இப்படின்னா என் கையில ஒண்ணும் இல்லை."

வீட்டுக்கு வந்ததும் வீட்டுக்காரரைப் பரணிலிருந்து பெட்டியை இறக்கச் சொன்னேன். அவர் லாரி பட்டறையில் மெக்கானிக். எதையும் ஏன் எதற்கு என்று கேட்காமல் கழற்றிப் பார்க்கிற சுபாவம். ஒரு சக்கரம் போன பழைய பெட்டி அது. சமையல் மேடையைக் கவுன்டராக்கி நான் பின்னால் நின்றேன். நாத்தனார் வேடிக்கை பார்க்க மாடியிலிருந்து இறங்கி வந்தாள். அவர் வெளியே போய், பெட்டியை நொண்ட நொண்ட இழுத்துக்கொண்டு, பெரிய மனுஷத் தோரணையில் உள்ளே வந்தார்.

"ரூம் இருக்குமா?"

நான் ஃப்ரிட்ஜுக்குப் பக்கத்தில் சுவரோடு ஒட்டியிருந்தேன்.

நாத்தனாருக்குச் சிரித்துச் சிரித்து விக்கல் வந்துவிட்டது. அவரும் சிரிக்க ஆரம்பித்தார், பாதியில் நிறுத்திக்கொண்டார். பெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் கிட்டே வந்து, "ஏய், நான்தான்டி. என்னைப் பாத்தா ஒதுங்குற?" என்றார்.

அவருடைய குரலில் இருந்த வருத்தத்தைக் கேட்டு எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம் வந்தது. என் வீடு. என் அடுப்படி. தாலி கட்டிய மனுஷன் ஓட்டைப் பெட்டியோடு வந்தால்கூட என் உடம்பு என்னைக் கேட்காமல் ஒதுங்குகிறது. இதை எனக்குள் வைத்தது யார்? நான் வைக்கவில்லை. என் அம்மா வைக்கவில்லை.

"விடு, பழக்கம் போக நாளாகும்," என்றார் அவர்.

"நாள் எங்கங்க இருக்கு? வெள்ளிக்கிழமை வரைக்கும்தான்."

விக்கலுக்குத் தண்ணீர் குடித்துக்கொண்டே நாத்தனார் சொன்னாள். "நான் ஒண்ணு சொன்னா கோவிச்சுக்க மாட்டீங்களே அண்ணி? சாயங்காலம் இங்க நிமிந்து நிக்கப் பழகுறீங்க. காலையில போய் அங்க மறுபடி சுவத்துல ஒட்டிக்கிறீங்க. துவைச்ச துணியைத் தினம் சேத்துல போட்டுட்டு வந்து, கறை போகலையேங்கிற மாதிரி இருக்கு."

அவளைக் கோபித்துக்கொள்ள நான் பைத்தியமா? கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

மறுநாள் காலை காரிடாரில் ட்ராலியோடு நின்றிருந்தேன். கடைசி அறைக் கதவு திறந்தது. பெட்டிச் சக்கரம் உருண்டது. என் குதிகால் தானாகப் பின்னால் போனது. ட்ராலியின் கைப்பிடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். ட்ராலியை ஓரங்கட்டினேன். என்னை ஓரங்கட்டவில்லை.

"வணக்கம் சார்," என்றேன்.

அந்த மனிதர் சுவரே பேசியதுபோல் திடுக்கிட்டுப் போனார். பிறகு, "வணக்கம்மா. சாப்பிடற இடம் எந்தப் பக்கம்?" என்றார். கையைக் காட்டினேன். அவர் போனார். ஓட்டல் இடிந்து விழவில்லை. என் கால் மட்டும் வெடவெடவென்று ஆடிக்கொண்டிருந்தது, ஆனால் நின்ற இடத்திலேயே ஆடியது.

விரல் சார் காரிடாரின் அந்த முனையில் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். மதியத்துக்குள் கூப்பிட்டு அனுப்பினார். மேஜைமேல் மெமோ தயாராக இருந்தது.

"ரூல் தெரியுமா தெரியாதா?"

"தெரியும் சார். ரொம்ப நல்லாத் தெரியும். பிரச்சினையே அதான்."

"ரிசப்ஷன்ல நிமிந்து நில்லு, யாரு வேணாம்னா? காரிடார்ல காரிடார் மாதிரி நில்லு. அது வேற, இது வேற."

"உடம்பு ஒண்ணுதானே சார் இருக்கு? காலையில ஒரு முதுகு, மத்தியானம் ஒரு முதுகுன்னு மாட்டிக்கிட்டு வர முடியுமா?"

"வாய் ரொம்ப நீளுது. டெஸ்ட்டே இல்லாம பண்ணிடுவேன்."

"பண்ணுங்க சார். வெள்ளிக்கிழமை நான் வந்து கவுன்டர்ல நிப்பேன். என்னைத் தூக்கி வெளியில போட ஆள் அனுப்புங்க."

இதைச் சொன்னது நான்தானா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது. அவர் முகம் சிவந்தது. அப்புறம் மெதுவாகச் சிரித்தார். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

"டெஸ்ட் இருக்கும்மா. அன்னைக்குக் கெஸ்ட்டா நானே வர்றேன். என் முன்னாடி நீ எப்படி நிக்கிறேன்னு பாப்போம்."

 எந்தக் கெஸ்ட்டைப் பார்த்தும் இவ்வளவு பயந்ததில்லை. இந்த உடம்புக்குச் சுவரைக் காட்டிக்கொடுத்தவரே அவர்தான். அவருடைய ஷூ சத்தம் மாடிப்படியில் கேட்டாலே முதுகு விறைத்துக்கொள்ளும். அவருக்கும் அது தெரியும். அந்த வாரம் முழுக்க வேண்டுமென்றே என் தளத்தில் நடந்தார். காரிடாரின் நட்டநடுவே நேராக என்னைப் பார்த்து வருவார். இரண்டு தடவை நான் தோற்றேன், சுவரில் போய் ஒட்டிக்கொண்டேன். அவர் கதவு விளிம்பில் விரலை ஓட்டிக்கொண்டே போனார். அன்று மத்தியானம் சோறு இறங்கவில்லை.

கேன்டீனில் பரிமாறுகிற அம்மா தட்டைப் பார்த்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். ஓட்டல் திறந்த நாளிலிருந்து இருக்கிறவர்.

"அவன் ஆட்டம் பாத்துப் பயப்படுறியா? அவனும் ரூம் பாயாத்தான் இங்க சேந்தான். உன்னை மாதிரியே ட்ராலி தள்ளினவன்தான்."

எனக்கு ஆறுதலாக இல்லை. தள்ளினவனே இப்படி என்றால் தள்ளாதவன் எப்படி இருப்பான் என்றுதான் தோன்றியது.

ஆனால் ஒரு விஷயம் நடந்தது. நான் சுவரில் ஒட்டாததைப் பக்கத்து அறைகளைச் சுத்தம் செய்கிறவள் பார்த்திருக்கிறாள். மறுநாள் அவளும் பாதி தூரம் மட்டும் ஒதுங்கினாள். வியாழக்கிழமை காலை லிஃப்ட் திறந்தது, அழுக்குத் துணி வண்டியோடு என் நாத்தனார் வந்தாள். எதிரே ஒரு குடும்பம் பெட்டிகளோடு வந்தது. வம்பு வேண்டாம் என்று நழுவியவள், வண்டியை ஒரு பக்கம் நிறுத்திவிட்டு நடுவில் நின்று, வாயெல்லாம் பல்லாக "வணக்கம், வணக்கம்" என்றாள். அவர்கள் போனதும் என்னிடம் வந்து கையைப் பிடித்துக்கொண்டாள். ஐஸ்கட்டி மாதிரி இருந்தது கை.

"என்னடி, மெமோ வாங்கணும்னு ஆசையா?"

"உங்களுக்கு மட்டும்தான் குடுப்பாங்களா அண்ணி?"

அன்று விரல் சார் நடந்துவந்தபோது நான் ஒட்டவில்லை.  அவர் என்னைச் சுற்றிக்கொண்டு போனார்.

வெள்ளிக்கிழமை வந்தது. டெஸ்ட் வகுப்பறையில் இல்லை, லாபியில், நிஜக் கவுன்டரில். மேடம் மதிப்பெண் தாளோடு என் பக்கத்தில் நின்றார். மற்றவர்கள் சோபாவுக்குப் பின்னால் வரிசையாக நின்றார்கள். அதில் என் நாத்தனாரும் இருந்தாள். அவளுக்கு அங்கே என்ன வேலை என்று யாரும் கேட்கவில்லை. நான் இரவல் கோட்டில், வயிற்றைக் கவுன்டரோடு அழுத்திக்கொண்டு நின்றேன். பின்னால் ஒரு கையகல தூரத்தில் சுவர் இருந்தது. அதன் குளிர்ச்சி முதுகில் தெரிந்தது.

வாசல் கதவு திறந்தது. விரல் சார் கறுப்புப் பெட்டியை இழுத்துக்கொண்டு வந்தார். சக்கரச் சத்தமும் ஷூ சத்தமும் சேர்ந்து வந்தன.

"யாரும்மா இங்க? பெரியவங்க யாரும் இல்லையா?" என்று கத்திக்கொண்டேதான் வந்தார்.

"வாங்க சார்!" என்றேன். எவ்வளவு நாளாக உள்ளே அடைந்து கிடந்த வார்த்தையோ, லாபி முழுக்கத் திரும்பிப் பார்க்கிற அளவுக்குச் சத்தமாக வெளியே வந்தது. தம்பியின் மாமியார் கேட்டிருக்க வேண்டும். "வாங்க. பயணமெல்லாம் சௌகரியமா இருந்துச்சா?"

அவர் எதிர்பார்க்கவில்லை. கவுன்டர் விளிம்பில் விரலை ஓட்டினார், வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். வெள்ளையாக இருந்தது.

"ரூம் வேணும். நல்ல ரூமா வேணும். நேரமாக்காம குடு."

"உடனே பாக்கலாம் சார்," என்று சொல்லிக் கம்ப்யூட்டர் பக்கம் திரும்பி அறையைத் தேடினேன். கிடைத்தது. சொல்வதற்காக நிமிர்ந்தேன்.

ஆள் இல்லை. பெட்டி மட்டும் நின்றுகொண்டிருந்தது.

லிஃப்ட் பக்கமிருந்து பெரிய மேனேஜர், கோட்டு போட்ட இரண்டு வெளியாட்களோடு வந்துகொண்டிருந்தார். விரல் சார் தூணோடு ஒட்டி நின்றார். முதுகு பட்டும் படாமலும் இல்லை, நன்றாகப் பட்டிருந்தது. கை இரண்டும் முன்னால், கண் தரையில். எங்களுக்குச் சொல்லித்தந்த அதே நிற்பு, ஒரு மாற்றுக்கூடக் குறையாமல்.

சோபாவுக்குப் பின்னால் யாரும் சிரிக்கவில்லை. எனக்கும் சிரிப்பு வரவில்லை. வாரம் முழுக்க இந்த மனிதரைத் தோற்கடிக்க வேண்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். இப்போது கோபம் வேறு பக்கம் போய்விட்டது. எங்களுக்குச் சொல்லித்தர அவருக்கு யார் சொல்லித்தந்தார்கள் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

பெரிய மேனேஜர் கவுன்டரில் கையை வைத்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை. "மேல் மாடி ரூம் சாவி ஒண்ணு எடு. இவங்களுக்குக் காட்டணும்," என்றார்.

"ஒரு நிமிஷம் சார். உங்களுக்கு முன்னாடி ஒருத்தர் இருக்கார்."

"யாரு?"

தூணைக் காட்டினேன். அவர் திரும்பிப் பார்த்தார். விரல் சார் தலையை நிமிர்த்தாமல், கண்ணை மட்டும் உயர்த்தி, வேண்டாம் வேண்டாம் என்று என்னிடம் கெஞ்சினார்.

"அவர் நம்ம ஸ்டாஃப்பும்மா. நீ சாவியை எடு."

"இப்ப அவர் கெஸ்ட் சார். மேடம் அப்படித்தான் சொல்லியிருக்காங்க. கெஸ்ட்டைப் பாதியில விட்டுட்டு வேற ஆளைக் கவனிக்கக் கூடாதுன்னும் சொல்லிக் குடுத்திருக்காங்க." பிறகு தூணைப் பார்த்துக் குரலை உயர்த்தினேன். "சார், நீங்க ஏன் அங்க போய் நிக்கிறீங்க? உங்க பெட்டி இங்க இருக்கு. உங்க முறையும் இங்கதான் இருக்கு. வாங்க சார்."

அவர் அசையவில்லை. அந்த முதுகு அவர் பேச்சைக் கேட்கவில்லை என்று எனக்குப் புரிந்தது. அது எவ்வளவு கஷ்டம் என்று என்னைவிட யாருக்குத் தெரியும்?

"வாங்க சார்," என்றேன் மறுபடியும், இந்தத் தடவை மெதுவாக.

அவர் தூணை விட்டு வந்தார். பெரிய மேனேஜர் ஒரு எட்டுப் பின்னால் போக வேண்டியிருந்தது, போனார். விரல் சார் கவுன்டருக்கு முன்னால் நின்று பெட்டியின் கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

"உங்க பேர் சொல்லுங்க சார்."

இத்தனை வருஷத்தில் அதை நான் கேட்டதே இல்லை. அவர் முணுமுணுத்தார்.

"கொஞ்சம் சத்தமா சொல்லுங்க சார், பின்னாடி இருக்கிறவங்களுக்கும் கேக்கட்டும்."

சத்தமாகச் சொன்னார். எழுத்து எழுத்தாக டைப் செய்தேன். சாவி அட்டையைப் போட்டு, இரண்டு கையாலும் நீட்டி, "நல்லா ஓய்வெடுங்க சார்," என்றேன். அவர் வாங்கிக்கொண்டார். போகாமல் அங்கேயே ஓரமாக நின்றார். நிமிர்ந்துதான் நின்றார். பக்கத்தில் மேடத்தின் பேனா தாளில் கீறும் சத்தம் கேட்டது. டிக் அடிக்கும் சத்தம் எப்படி இருக்கும் என்று வகுப்பில் உட்கார்ந்தவளுக்குத் தெரியும்.

பெரிய மேனேஜர் இன்னும் காத்திருந்தார். முதல் தடவையாக என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். நானும் அவர் முகத்தைப் பார்த்தேன்.

"வாங்க சார்," என்றேன். "இப்ப உங்க முறை."